மழை வந்ததும் எழுந்து போய்விடாதீர்கள்: மைனர் லீக் பேஸ்பால் பார்க்கப் போகும் நம்மூர் அப்பா அம்மாக்களுக்கு

ஏப்ரல் 15 விடிந்தால் எங்கள் பக்கம் விசைப்படகுகள் எல்லாம் கரையில்தான். ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். சிலர் படகுக்குப் பெயின்ட் அடிப்பார்கள், சிலர் வலை கட்டுவார்கள். என்னைப் போல் மகளை வெளிநாட்டில் கட்டிக்கொடுத்தவர்கள் அந்த இடைவெளியில் விமானம் ஏறிவிடுவார்கள்.

எனக்கு மண்டபத்தில் ஒரு விசைப்படகு. மகள் இருப்பது அமெரிக்காவில், வட கரோலினாவில். போன தடைக்காலத்தில் நானும் மனைவியும் ஆறு வாரம் போய் இருந்தோம். முதல் பத்து நாள் கோயில், இந்தியக் கடை, பேரன் பள்ளிக்கூடம் என்று ஓடியது. அப்புறம் மாப்பிள்ளை, "மாமா, வீட்லயே உக்காந்திருந்தா பொழுது போகாது. ஒரு பேஸ்பால் மேட்ச் பாத்துட்டு வருவோம்" என்றார். உங்கள் மாப்பிள்ளையும் ஒரு நாள் இதையே சொல்லுவார். ஆட்டம் புரியவில்லை என்றாலும் போய் வாருங்கள், நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மழைக் கணக்கைத் தெரிந்துகொண்டு போங்கள். நாங்கள் தெரியாமல் போய் ஐந்து டிக்கெட்டைத் தண்ணீரில் விட்டோம்.

அவர் கூட்டிப் போனது பெரிய லீக் இல்லை, மைனர் லீக். பெரிய லீக்கில் 30 அணிகள். ஒவ்வொன்றுக்கும் கீழே, ஆட்டக்காரர்களைத் தயார் செய்ய நான்கு படிகளில் நான்கு அணிகள். ஆக மொத்தம் 120. சின்ன ஊர்களில்கூட ஒரு அணியும் மைதானமும் இருப்பதற்குக் காரணம் இதுதான். டிக்கெட் மலிவு, குழந்தைகளுக்கு விளையாட்டுகள், வாரக் கடைசியில் வாணவேடிக்கை. ஏப்ரலில் தொடங்கி செப்டம்பர் வரை நடக்கும். பெரிய லீக்கில் சில மைதானங்களுக்கு மூடித் திறக்கும் கூரை உண்டு. நாங்கள் போன மாதிரி மைதானங்களுக்கு வானம்தான் கூரை.

முதலில் ஒன்றைப் புரிந்துகொள்ளுங்கள்: ஆட்டத்தை நிறுத்தும் அதிகாரம் யார் கையில்?

எங்கள் தொழிலில் இதில் குழப்பமே கிடையாது. மீன்வளத்துறை டோக்கன் கொடுத்தால்தான் விசைப்படகு கடலுக்குப் போகும். பலத்த காற்று என்று வானிலை மையம் சொல்லிவிட்டால் டோக்கன் இல்லை. நீங்கள் ஐஸ் ஏற்றியிருந்தாலும் சரி, டீசல் ஊற்றியிருந்தாலும் சரி. பழைய பாம்பன் பாலத்தில் ரயில் ஓடிய காலத்தில், காற்று மணிக்கு 58 கிலோமீட்டரைத் தாண்டினால் ரயிலுக்குச் சிக்னல் விழாது. அங்கே முடிவு செய்தது காற்றை அளக்கும் மீட்டர், ஆளே தேவைப்படவில்லை.

பேஸ்பாலில் இந்த அதிகாரம் நடுவில் கை மாறுகிறது. ஆட்டம் தொடங்கும் முன் மழை என்றால், ஆடுவதா வேண்டாமா என்று சொல்வது அந்த ஊர் அணி நிர்வாகம். தொடங்குவதற்குச் சற்று முன் இரண்டு பக்கத்துப் பயிற்சியாளர்களும் ஆட்டக்காரர் பட்டியலை அம்பயரிடம் கொடுப்பார்கள். உள்ளூர் அணியின் பட்டியல் அம்பயர் கைக்குப் போன நிமிடத்திலிருந்து மைதானம் அம்பயருடையது. நிறுத்துவது, மறுபடி தொடங்குவது, போதும் என்று கைவிடுவது எல்லாம் அவர் சொல்தான். நிறுத்திய பிறகு குறைந்தது 30 நிமிடமாவது காத்திருக்காமல் அவர் ஆட்டத்தைக் கைவிட முடியாது என்பது விதி. நடப்பில் ஒரு மணி நேரம், ஒன்றரை மணி நேரம்கூடக் காத்திருக்கிறார்கள்.

இது தெரிந்தால் ஒரு வசதி. தொடங்கும் முன் மழை என்றால், வீட்டிலேயே இருந்துகொண்டு அணியின் சமூக ஊடகப் பக்கத்தைப் பார்த்தால் போதும், அங்கே அறிவித்துவிடுவார்கள். தொடங்கிய பிறகு மழை என்றால் போன் உதவாது, அம்பயருக்கே தெரியாதது அதில் எப்படி இருக்கும்? மைதானத்தில்தான் காத்திருக்க வேண்டும்.

எங்கள் முதல் ஆட்டம் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். நான் உட்கார்ந்ததும் பழக்கத்தில் கிழக்கே பார்த்தேன். பளிச்சென்று இருந்தது. "மழையெல்லாம் வராது மாப்பிள்ளை" என்று சொல்லியும் விட்டேன். நாற்பது வருஷம் கடலைப் பார்த்தவன் சொன்னால் வீட்டில் யாரும் மறுத்துப் பேச மாட்டார்கள். ஆனால் எங்கள் ஐப்பசி மழை வாடைக்காற்றோடு கடல் பக்கமிருந்து ஏறிவரும். அங்கே கோடைக்கால இடிமழை பெரும்பாலும் மேற்கிலிருந்து கிழக்கே நகர்கிறது. எனக்குப் பின்னால் ஏறி வந்ததை நான் பார்க்கவே இல்லை. பேரன்தான், "தாத்தா, பின்னாடி கறுப்பா இருக்கு" என்றான்.

நான்காவது இன்னிங்ஸில் கொட்டியது. ஆட்டக்காரர்கள் உள்ளே ஓடினார்கள். பெரிய பலகையில் ஏதோ எழுத்து வந்தது. மழை, இடி, பேரனுக்குக் குளிர், மனைவிக்கு முட்டிவலி. "முடிஞ்சிருச்சு, வாங்க" என்று கிளம்பிவிட்டோம். மாப்பிள்ளைக்கும் அதுதான் முதல் முறை என்பதைக் காருக்குள் உட்கார்ந்த பிறகுதான் சொன்னார். நாங்கள் வீட்டில் சாம்பார் சூடு பண்ணிக்கொண்டிருந்தபோது ஆட்டம் மறுபடி தொடங்கி ஒன்பது இன்னிங்ஸும் முழுதாக முடிந்தது. பலகையில் வந்த எழுத்து 'டிலே'. தாமதம் என்றுதான் அர்த்தம், ரத்து என்று இல்லை. மறுநாள் மாப்பிள்ளை போன் பண்ணிக் கேட்டதற்கு, ஆட்டம் முழுதாக நடந்தது, டிக்கெட்டுக்கு ஒன்றும் செய்ய முடியாது என்றார்கள். அவர்கள் சொன்னது நியாயம்தான்.

இப்போது கணக்குக்கு வருவோம். டிக்கெட்டின் தலையெழுத்து ஐந்து என்ற எண்ணில் இருக்கிறது.

பேஸ்பாலில் ஒன்பது இன்னிங்ஸ். ஒவ்வொன்றிலும் முதல் பாதியில் வெளியூரிலிருந்து வந்த அணி அடிக்கும், இரண்டாம் பாதியில் உள்ளூர் அணி அடிக்கும். ஐந்து இன்னிங்ஸ் முடிந்துவிட்டால் அது முறைப்படி நடந்த ஆட்டம். உள்ளூர் அணி முன்னால் இருந்தால் நாலரையே போதும், ஏனென்றால் ஜெயிக்கிறவன் மறுபடி அடிக்க வேண்டியதில்லை. அதற்கு அப்புறம் மழை வந்து அம்பயர் கைவிட்டால் இருக்கிற கணக்கு நிற்கும், முன்னால் இருப்பவன் ஜெயித்தான். டக்வொர்த் லூயிஸ் வேலையெல்லாம் கிடையாது. நீங்கள் ஐந்து இன்னிங்ஸ்தான் பார்த்தீர்கள் என்றாலும் டிக்கெட் செலவாகிவிட்டது.

ஐந்துக்கு முன்னால் கைவிட்டால் டிக்கெட்டுக்கு இன்னும் உயிர் இருக்கிறது. அந்த ஆட்டத்தைப் பிறகு விட்ட இடத்திலிருந்து தொடர்வார்களா, முதலிலிருந்து ஆடுவார்களா என்பது அணிகளின் தலைவலி. உங்களுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று: எத்தனையாவது இன்னிங்ஸ் என்று பலகையைப் பார்த்து மனதில் வைத்துக்கொள்ளுங்கள். மேகம் வருகிறது, இரண்டாவது இன்னிங்ஸ் என்றால் கவலைப்படாமல் காத்திருக்கலாம். மேகம் வருகிறது, ஆறாவது என்றால் வீட்டுக்குப் போனாலும் இருந்தாலும் டிக்கெட்டுக்கு ஒன்றுதான்.

பலகையில் வரும் வார்த்தைகளையும் தெரிந்து வையுங்கள். 'டிலே' என்றால் உட்காருங்கள். 'போஸ்ட்போன்ட்' என்றால் இன்று இல்லை, வேறு நாள் ஆடுவார்கள். டிக்கெட்டை மாற்றலாம். 'சஸ்பெண்டட்' என்றால் விட்ட இடத்தை அப்படியே குறித்துவைத்து வேறு நாள் தொடர்வார்கள். ஐந்து தாண்டி இரண்டு அணியும் சமமாக இருக்கும்போது மழை வந்தால் இதுதான் கதி, அப்போது டிக்கெட் என்ன ஆகும் என்று அங்கேயே கேட்டுக்கொள்ளுங்கள். 'கேன்சல்டு' என்றால் அந்த ஆட்டமே இனி கிடையாது. ஆட்டம் கிடையாது, ஆனால் டிக்கெட்டைப் பெரும்பாலும் மாற்றித் தருவார்கள். நாங்கள் முதல் வார்த்தையை நான்காவது வார்த்தையாகப் படித்துவிட்டோம்.

தாமத நேரத்தில் பொழுது போக ஒரு வழி சொல்கிறேன். தார்ப்பாய் விரிப்பதைப் பாருங்கள். எனக்கு ஆட்டத்தைவிட அதுதான் பிடித்தது.

மைதானம் முழுவதையும் மூட மாட்டார்கள். பந்து எறிகிற மேடு, நான்கு பேஸ் (ஓடுகிறவன் தொடுகிற நான்கு மூலைகள்), அவற்றைச் சுற்றியுள்ள செம்மண், நடுவில் இருக்கிற புல், இதை மட்டும்தான். வெளிப்புறத்துப் புல் தண்ணீரைக் குடித்துவிடும். செம்மண் குடிக்காது, சேறாகும், ஓடுகிறவன் வழுக்கி முட்டியை உடைத்துக்கொள்வான். தார்ப்பாய் ஏறக்குறைய 170 அடிக்கு 170 அடி. ஓரத்தில் ஒரு பெரிய குழாயில் சுருட்டி வைத்திருப்பார்கள். அம்பயர் கையை ஆட்டியதும் பதினைந்து இருபது பேர் ஓடி வந்து குழாயை உருட்டிக்கொண்டு போவார்கள், அப்புறம் மடிப்பைப் பிரித்துத் தலைக்கு மேல் பிடித்தபடி ஓடுவார்கள். நாங்கள் பார்த்தபோது காற்று ஒரு மூலைக்கு அடியில் புகுந்துவிட்டது. தார்ப்பாய் பாய்மரம் மாதிரி எழும்பி, மூலையைப் பிடித்திருந்த ஒரு பையனை இரண்டடி தூக்கிப் போட்டது. மற்றவர்கள் ஓடிப் போய் அதன் மேல் படுத்தார்கள். "காத்துப் பக்கம் மொதல்ல அமுக்குடா!" என்று நான் கத்திவிட்டேன், தமிழில். எங்கள் படகில் மீன் குவியலுக்குத் தார்ப்பாய் போடும்போது காற்று வரும் பக்கத்தை முதலில் கட்டிவிட்டுத்தான் மறுபக்கம் இழுப்போம். பக்கத்தில் இருந்த வெள்ளைக்காரர் என்னைப் பார்த்துச் சிரித்தார். அவருக்கு என்ன புரிந்ததோ.

மழை விட்டதும் உடனே ஆட மாட்டார்கள். தார்ப்பாயை எடுக்க வேண்டும், மேலே தேங்கிய தண்ணீரைப் புல் பக்கம் சாய்க்க வேண்டும், ஈரமான இடத்தில் சுட்ட களிமண் குருணையைத் தூவிக் கிளற வேண்டும், கோடு மறுபடி போட வேண்டும். மழை நின்றதும் அரை மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதே மாதிரி, தூறலுக்கெல்லாம் நிறுத்திவிட மாட்டார்கள். சின்னத் தூறலில் ஆட்டம் பாட்டுக்கு நடக்கும்.

மின்னல் வந்தால் மட்டும் கதை வேறு. துளி மழை இல்லாவிட்டாலும் நிறுத்துவார்கள். கடைசி இடி கேட்டு 30 நிமிடம் ஆகும் வரை வெளியே வராதே என்பதுதான் அங்கே பொதுவான பாதுகாப்பு அறிவுரை. நடுவில் இன்னொரு இடி கேட்டால் முதலிலிருந்து எண்ண வேண்டும். அறிவிப்பு வந்ததும் இரும்பு இருக்கையை விட்டு எழுந்து பின்னால் கூரை போட்ட நடைபாதைக்குப் போய்விடுங்கள். கடலில் மின்னலைப் பார்த்தவர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

இரண்டாவது ஆட்டத்துக்கு நாங்கள் மே மாதக் கடைசியில் போனோம். செவ்வாய்க்கிழமை, மணி 7:05க்குத் தொடக்கம். (ஏன் ஏழு மணி என்று வைக்காமல் ஏழு ஐந்து என்று வைக்கிறார்கள் என்று கேட்டேன், யாருக்கும் தெரியவில்லை.) இந்த முறை நான் மேற்கே பார்த்து உட்கார்ந்தேன். இரண்டாவது இன்னிங்ஸில் மழை. மனைவி எழுந்தாள். "உக்காரு, அஞ்சு ஆகல" என்றேன். நடைபாதையில் ஒதுங்கி நின்றோம். பேரன் இரண்டு ஹாட்டாக் தின்றான். ஒன்பதேகால் வாக்கில் அம்பயர் வந்து மண்ணை மிதித்துப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். பலகையில் இரண்டாவது வார்த்தை வந்தது. ஐந்து டிக்கெட்டும் உயிரோடு இருந்தன.

இப்படி மழைக்கு நின்ற ஆட்டத்தின் டிக்கெட்டை அங்கே 'ரெயின் செக்' என்பார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே பேஸ்பால் மைதானங்களில் வந்த வழக்கம். இப்போது யாரையாவது காபிக்குக் கூப்பிட்டால், "இன்னொரு நாள் பார்ப்போம்" என்பதற்கும் இதே வார்த்தையைச் சொல்கிறார்கள். என் மகள் எங்கள் வீட்டுப் பத்தியக் குழம்புக்கு அப்படித்தான் சொன்னாள்.

பணம் திரும்பி வரும் என்று நினைக்காதீர்கள். பெரும்பாலான அணிகள் பணம் தருவதில்லை. அதே சீசனில் மீதமுள்ள வேறொரு ஆட்டத்துக்கு, அதே விலை அல்லது அதற்குக் கீழான இருக்கையாக, இடம் இருந்தால் மாற்றித் தருவார்கள். உயர்ந்த இருக்கை வேண்டுமென்றால் மீதியைக் கட்ட வேண்டும். ஒவ்வொரு அணிக்கும் விதி கொஞ்சம் மாறும். டிக்கெட் வாங்கும்போதே அணியின் இணையதளத்தில் மழை விதியைத் தேடிப் படிக்கச் சொல்லுங்கள், அரைப் பக்கம்கூட இருக்காது. இலவசமாகக் கிடைத்த டிக்கெட்டுக்கு மாற்று உண்டா என்று தனியாகப் பாருங்கள். வேறு யாரோ மறுவிற்பனை செய்ததை வாங்கினால் மாற்று டிக்கெட் முதலில் வாங்கியவரின் கணக்குக்குப் போய்விடும் சிக்கல் வரலாம். அணியிடமே நேரே வாங்குவதுதான் நல்லது. போனில் இருக்கும் டிக்கெட்டை, ஆட்டம் நின்றுவிட்டதே என்று அழித்துவிடாதீர்கள்.

மறுநாளே கவுன்ட்டருக்கு ஓட வேண்டாம், ஆனால் தள்ளியும் போடாதீர்கள். 'ரெயின்அவுட் எக்ஸ்சேஞ்ச்' என்ற இரண்டு வார்த்தை போதும், கவுன்ட்டரில் இருக்கும் பெண்ணுக்குப் புரிந்துவிடும். நான்தான் போய்ச் சொன்னேன். வெள்ளிக்கிழமை வாணவேடிக்கை நாளுக்கு மாற்றிக் கொடுத்தாள்.

நிறுத்திய ஆட்டத்தை என்ன செய்தார்கள்? மறுநாள் புதன்கிழமை ஒரே டிக்கெட்டில் இரண்டு ஆட்டம். மைனர் லீக்கில் இப்படி ஒரே நாளில் இரண்டு ஆடும்போது பெரும்பாலும் ஒவ்வொன்றும் ஏழு இன்னிங்ஸ்தான். புதன்கிழமைக்கு டிக்கெட் வாங்கி வைத்தவனுக்கு யோகம்.

இதிலிருந்துதான் நம்மைப் போன்ற விருந்தாளிகளுக்கு ஒரு தந்திரம் கிடைக்கிறது. வேறு யாரும் உங்களுக்குச் சொல்ல மாட்டார்கள், ஏனென்றால் அந்த ஊரிலேயே இருப்பவர்களுக்கு இது தேவையில்லை. மைனர் லீக்கில் திங்கள் ஓய்வு. ஒரே எதிரணியோடு செவ்வாய் முதல் ஞாயிறு வரை ஆறு ஆட்டம். அடுத்த வாரம் பெரும்பாலும் வெளியூர். ஞாயிறு டிக்கெட் வாங்கி அது மழையில் போனால், உள்ளூரில் அடுத்த ஆட்டம் ஒன்பது நாள் கழித்துத்தான். நீங்கள் ஊருக்குக் கிளம்பும் வாரமாக அது இருந்தால் மாற்று டிக்கெட்டை வைத்து என்ன செய்வீர்கள்? செவ்வாய் டிக்கெட் வாங்குங்கள். மழை வந்தால் அதே வாரத்தில் இன்னும் ஐந்து நாள் கையில் இருக்கும். எனக்கு ஜூன் 14க்கு முன்னால் மண்டபம் வந்து படகைத் தண்ணீரில் இறக்கியாக வேண்டும். நாள் எண்ணுகிறவனுக்கு செவ்வாய்தான்.

இரண்டாவது, பயணத்தின் முதல் பாதியிலேயே போய்விடுங்கள். அப்போது மாற்ற நாள் நிறைய இருக்கும். சீசனின் கடைசி வாரத்து ஆட்டத்துக்குப் போகிறவர் மழைக்கு மாட்டினால் அந்த சீசனில் மாற்ற ஆட்டமே இருக்காது.

திரும்பாத செலவு என்று ஒன்று உண்டு. ஆட்டம் நடந்தாலும் நடக்காவிட்டாலும் கார் நிறுத்திய காசு, தின்ற காசு போனதுதான். எங்களுக்கு இது புதிதில்லை. சாயங்காலம் ஐஸ் பார் உடைத்துப் படகில் கொட்டியிருப்போம், ராத்திரி டோக்கன் இல்லை என்பார்கள், காலையில் அறை நிறையத் தண்ணீர் நிற்கும். ஐஸ் கம்பெனியில் போய் மழைச் சீட்டுக் கேட்க முடியுமா? அதனால் மேகம் கறுத்திருக்கும் நாளில் ஆட்டம் ஐந்து இன்னிங்ஸைத் தொடும் வரை பெரிதாக எதுவும் வாங்கித் தின்னாதீர்கள். பேரன் இருந்தால் இந்த விதி செல்லாது.

கையில் என்ன எடுத்துப் போவது? குடையை விட்டுவிடுங்கள், பின்னால் இருப்பவர் திட்டுவார். மெல்லிய பிளாஸ்டிக் மழைக்கோட்டு, இருக்கை துடைக்க ஒரு பழைய துண்டு, மே மாதத்திலும் ராத்திரி குளிரும் என்பதால் ஒரு ஸ்வெட்டர். பல மைதானங்களில் உள்ளே தெரிகிற கண்ணாடி மாதிரிப் பையைத்தான் விடுகிறார்கள், வெளிச் சாப்பாட்டையும் பெரும்பாலும் விட மாட்டார்கள். என் மனைவி கொண்டுபோன முறுக்கு டப்பா வாசலிலேயே நின்றது.

வெள்ளிக்கிழமை மழை இல்லை. மேற்கே, கிழக்கே, நாலு பக்கமும் பார்த்துவிட்டுத்தான் உட்கார்ந்தேன். ஒன்பது இன்னிங்ஸும் முடிந்து வாணவேடிக்கை தொடங்கியபோது பேரன் என் மடியில் தூங்கிப் போயிருந்தான்.